முதல்ல யாரு வாபஸ் வாங்குறது

பலகையில சிவப்பு நம்பர் மாறுது, என் நம்பர் இன்னும் வரல, வரவேண்டாம் சாமி, இப்ப வரவே வேண்டாம், இல்ல, வந்து தொலைஞ்சாத்தான் என்ன, காலையில இருந்து இந்த ஐகோர்ட்டு வராந்தாவுல இரும்புப் பெஞ்சுல உக்காந்து இடுப்பே கழண்டு போச்சு. ஒண்ணுக்கு வேற முட்டிக்கிட்டு வருது. எந்திரிச்சுப் போனா அந்த நேரம் பாத்துத்தான் கூப்பிடுவாங்க, மனுதாரர் தவமணி எங்கன்னு ஜட்ஜையா கேப்பாரு, ஆளைக் காணோம்னு கேசைத் தள்ளிட்டா? தள்ளிட்டா எனக்கு நல்லதா கெட்டதா, அதுகூடத் தெரியல பாருங்க. எட்டாங்கிளாஸோட நின்னவ, இட்லி மாவு அரைச்சு விக்கிறவ, எனக்கு எதுக்கு இந்தக் கருமமெல்லாம். ஜட்ஜையா என்னயவே நேரடியாக் கேட்டா என்ன சொல்றதுன்னு ஆண்டிபட்டியில இருந்து பஸ்ஸுல வரும்போது பூரா வாய்க்குள்ளயே சொல்லிப் பாத்துக்கிட்டு வந்தேன். பக்கத்துல இருந்த பொம்பள என்னைய ஒரு மாதிரி பாத்துட்டு வேற சீட்டுக்குப் போயிருச்சு. ஐயா, எங்கப்பாவோட தக்காளிக் காட்டை நாலு வழி ரோட்டுக்கு எடுத்துட்டாங்கய்யா. பணம் வர்றதுக்குள்ள அப்பா போய்ச் சேந்துட்டாரு. எல்லாம் அவனுக்குன்னு அப்பா உயில் எழுதியிருக்காருன்னு என் தம்பி ஜெயக்கொடி சொல்றான், அந்த உயிலை நான் ஒத்துக்கலய்யா. நிலம் எடுக்குற ஆபீசரு அதை நம்பி அம்புட்டுப் பணத்தையும் அவனுக்கே குடுக்கச் சொல்லி உத்தரவு போட்டுட்டாரு, அதுக்கு நான் இங்க வந்து மனுப் போட்டுத் தடை வாங்கினேன். தடையைத் தூக்கிட்டுப் பணத்தைக் குடுங்கன்னு அவன் ஒரு மனுப் போட்டிருக்கான். அம்புட்டுத்தான்யா. இதை முழுசாச் சொல்லி முடிச்சிருவேன், நடுவுல அப்பான்னு சொல்ற இடத்துலதான் ஒவ்வொரு தடவையும் நின்னுபோறேன்.

ஆனா இன்னைக்கு இதெல்லாம் சொல்ல வேண்டியதே இல்லைன்னு என் வக்கீல் ரெஹானா மேடம் சொல்லிட்டாங்க. போன வாய்தாவுல ஜட்ஜையா ரெண்டு தரப்பையும் பாத்து, உயில் செல்லுமா செல்லாதான்னு சாட்சி வெச்சு விசாரிக்கிறது சிவில் கோர்ட்டு வேலை, அங்க போங்க, ரெண்டு பேரும் மனுவை வாபஸ் வாங்குங்க, அங்க தீர்ப்பு ஆகுற வரைக்கும் பணம் யார் கையிலயும் படாம பேங்குல டெபாசிட்டாக் கெடக்கட்டும், நான் உத்தரவுல எழுதிர்றேன்னாரு. ரெண்டு வக்கீலும் தலையை ஆட்டினாங்க. எனக்கும் அப்ப நெஞ்சு லேசாச்சு. கூடப் பொறந்ததுங்க ரெண்டும் நேர்ல வந்து சொல்லட்டும்னு அவரே சொல்லிட்டாரு. எல்லாம் சரியாத்தான் இருந்துச்சு, இன்னைக்குக் காலையில லிஸ்ட்டைப் பாக்குற வரைக்கும். ஒண்ணா வர வேண்டிய ரெண்டு கேசு தனித்தனியா வந்திருக்கு. முதல்ல என்னுது. அதுக்கப்புறம் யார் யாரோ, அவங்களுக்குப் பின்னாடி அவனுது. அப்ப நான்தான் முதல்ல வாபஸ் வாங்கணும். நான் வாபஸ் வாங்கினா என் மனு போச்சு. மனு போனா தடையும் போச்சு. தடை போனா ஆபீசரு உத்தரவு அப்பிடியே உசுரோட எந்திரிச்சு உக்காந்துக்கிரும். அப்புறம் அவன் நம்பர் வரும்போது, அவன் வக்கீல் அந்த மீசைக்காரரு எந்திரிச்சு, ஐயா நாங்க வாபஸ் வாங்கல, கேசை நடத்துறோம்னு சொன்னா? சொன்னா என்ன பண்ணுவேன்? மேடம்கிட்ட கேட்டேன். அப்பிடியெல்லாம் செய்ய மாட்டாங்கம்மா, கோர்ட்டுல ஒத்துக்கிட்ட விஷயம்ன்னாங்க. செய்ய மாட்டாங்க. யாரு, அவனா? என் தம்பியை எனக்குத் தெரியுமா அவுங்களுக்குத் தெரியுமா?

அந்தா எதுத்த பெஞ்சுல உக்காந்திருக்கான். வெள்ளைச் சட்டை, இஸ்திரி போட்டது. காலை ஆட்டிக்கிட்டே இருக்கான், நிறுத்தவே மாட்டேங்கிறான். ஒரு திட்டம் மனசுல ஓடுனாத்தான் மனுசன் இப்பிடி ஆட்டுவான். காலையில என்னையப் பாத்து லேசாத் தலையை அசைச்சான். எனக்கா, எனக்குப் பின்னாடி நின்ன அந்தக் குமாஸ்தாவுக்கா? நான் பதிலுக்கு அசைக்கல. அசைச்சிருக்கணுமோ? அசைச்சிருந்தா மனசு இளகியிருப்பானோ? அட போடி, ஒரு தலையாட்டலுக்கு இளகுற ஆளா அவன், அப்பா கருமாதி அன்னைக்கு, பந்தி முடியறதுக்கு முன்னாடி, அக்கா இதுல ஒரு கையெழுத்துப் போட்டுருன்னு விடுதலைப் பத்திரத்தை நீட்டுனவன். எனக்கு ஒண்ணும் வேணாம், எல்லாத்தையும் தம்பிக்கே விட்டுக் குடுத்துட்டேன்னு நான் எழுதித் தரணுமாம். ஒனக்குத்தான் கல்யாணத்துக்கு நகை போட்டாச்சுல்லன்னான். எங்க சனத்துல அதான் வழக்கம், பொட்டப்புள்ளைக்கு நகையோட கணக்கு முடிஞ்சிரும், கையெழுத்துப் போட்டுட்டுப் பொறந்த வீட்டுக்கு விருந்தாளியாப் போய்ட்டு வரலாம், போடலைன்னா வாசல்ல கூட நிக்க முடியாது. நான் போடல. கையில எச்சில் இலையை வெச்சுக்கிட்டே போட முடியாதுன்னுட்டேன். அன்னைக்குப் பாத்தது அவன் முகத்தை, அப்புறம் கோர்ட்டுலதான் பாக்குறேன். சின்னதுல இருந்தே இப்பிடித்தான். பள்ளிக்கூடத்துல காலரா ஊசி போட வந்தாங்க. இவன் ரெண்டாங்கிளாஸு, என் பாவாடையைப் புடிச்சுக்கிட்டு அலறுறான். நீ போட்டுக்கோக்கா, அப்புறம் நான் போட்டுக்கிறேன், சத்தியமா, ஆத்தா மேல சத்தியமான்னான். எனக்கும் ஊசின்னா உசுரு போகும். ஆனாலும் தம்பிக்குத் தைரியம் வரட்டுமேன்னு போய்க் கையை நீட்டிட்டேன். குத்தி முடிச்சுட்டுத் திரும்பிப் பாத்தா ஆளைக் காணோம், காம்பவுண்டுச் சுவர் மேல ஒரு டவுசர் மட்டும் தெரியுது. எனக்குக் காய்ச்சல் வந்து படுத்துக் கெடக்கேன், பக்கத்துல உக்காந்து எனக்கு வாங்குன ரொட்டியைத் தின்னுக்கிட்டே, வலிக்குதாக்கான்னு கேட்டான். அப்ப சிரிச்சேன். அவன் கண்ணுல தண்ணி நின்னுச்சு, அதையும் சொல்லணும்ல. எனக்கு வலிக்கிறதைப் பாத்து அழுகுறவன்தான், ஆனா ஊசி மட்டும் போட்டுக்க மாட்டான்.

நம்பர் மறுபடி மாறுது. இன்னும் கொஞ்சந்தான். வீட்டுக்காரரு போன் அடிக்கிறாரு, எடுக்கல, எடுத்தா என்னாச்சுன்னு கேப்பாரு, ஒண்ணும் ஆகல இன்னும், என்னமோ ஆகப்போகுது, அதை எப்பிடிப் போன்ல சொல்றது. அவருக்குக் கையும் காலும் ஒரு பக்கம் இழுத்துக்கிட்டதுல இருந்து கட்டில்தான், போன் ஒண்ணுதான் அவருக்கு வாசல். குடியிருக்கிற வீட்டைக் காலி பண்ணச் சொல்லிட்டாங்க. கிரைண்டர் சத்தம் ஆகலையாம் மேல் வீட்டு அம்மாவுக்கு. அந்தப் பணத்துல பாதி வந்தா ரெண்டு ரூம்பு போட்டுக்கிட்டு, என் கிரைண்டரை நான் எப்ப வேணா ஓட்டுவேன், எவ கேப்பா என்னைய. வந்தா. வரலைன்னா? இப்ப வாபஸ் வாங்கி அவன் ஏமாத்திட்டான்னா வக்கீல் பீஸும் போச்சு, காடும் போச்சு, பணமும் போச்சு. அது போனாக்கூடப் பரவால்ல. என்ன பேச்சு பேசுறே தவமணி, பரவால்லயா? ஆமா, பரவால்ல, அதைக்கூட மாவு அரைச்சுத் தாங்கிக்குவேன். ஆனா அவன் ஏமாத்துறதை என் கண்ணால நேர்ல பாக்கணுமே, அந்த மீசைக்காரரு எந்திரிக்கிறதையும் இவன் பின்னாடி குனிஞ்சு நிக்கிறதையும் பாத்துட்டு, அப்புறம் எப்பிடி நான் ஒருத்தனுக்கு அக்காளா இருந்தேன்னு நெனைக்கிறது. இப்ப வரைக்கும் சண்டைதான், சண்டைன்னா நாளைக்குச் சேந்துக்கிறலாம். இன்னைக்கு அவன் அதைச் செஞ்சுட்டான்னா சேர்றதுக்கு ஆளே இருக்காது. அதான் பயம். நம்பாம இருந்துட்டா இந்தப் பயமே இல்லைல்ல, நம்பலைன்னு முடிவு பண்ணிட்டா? முடிவும் பண்ண முடியல, சனியன், அவன் அந்தப் பக்கம் திரும்பித் தண்ணி குடிக்கும்போது கழுத்து அச்சு அசலா அப்பா கழுத்தாட்டமே இருக்கு.

மேடம் கறுப்புக் கோட்டைச் சரி பண்ணிக்கிட்டே வேகமா வந்தாங்க. எந்திரிங்கம்மா, அடுத்தது நம்மதுன்னாங்க. எந்திரிச்சேன். அவுங்க முந்தானையா அது, கோட்டு நுனி, அதைப் புடிச்சுட்டேன். மேடம், அவனுது முதல்ல வரட்டும் மேடம்னேன். எனக்கே என் குரல் தெரியல. அவுங்க என்னையப் பாத்தாங்க, கோபப்படல. பயமா இருக்கான்னாங்க. இருக்குன்னேன். நெத்தியைத் தடவிக்கிட்டாங்க. சரி, பாஸ் ஓவர் கேக்குறேன், எங்க சீனியர் வக்கீல் வேற கோர்ட்டுல இருக்காருன்னு சொன்னா நம்ம கேசை அப்புறமாக் கூப்பிடுவாங்க, அதுக்குள்ள அவங்களுது முடிஞ்சிரும்னாங்க. அது தப்பாங்க மேடம்? தினமும் எல்லாரும் கேக்குறதுதாம்மா. உள்ள போனோம். குளிரு. கறுப்புக் கோட்டாவே நிக்குது, நடுவுல வழி கண்டுபுடிக்கவே முடியல. என் நம்பரைக் கூப்பிட்டதும் மேடம் எந்திரிச்சு, சீனியர் வேற கோர்ட்டுல இருக்காரு, பாஸ் ஓவர்னு ஒரே ஒரு வரிதான் சொன்னாங்க, ஜட்ஜையா தலையைக்கூட நிமித்தல, அடுத்த நம்பரைக் கூப்பிட்டாங்க. அவ்வளவுதானா? இதுக்கா நான் காலையில இருந்து செத்துக்கிட்டுக் கெடந்தேன்? திரும்பிப் பாக்குறேன், ஜெயக்கொடி கதவுகிட்ட நிக்கிறான். அவன் முகம் வெளுத்துப் போயிருக்கு. என்ன நடந்துச்சுன்னு அவனுக்குப் புரிஞ்சிருக்குமா? மீசைக்காரரு காதுல ஏதோ சொல்றான், அவரு கையை ஆட்டுறாரு. சொல்றான், மறுபடி சொல்றான். பாரு, திட்டம்தான். நான் நெனச்சது சரிதான். ஐயோ, நான் நெனச்சது சரியா இருக்கக் கூடாது முருகா.

அவன் நம்பரைக் கூப்பிட்டாங்க. மீசைக்காரரு எந்திரிச்சாரு, கோட்டை இழுத்து விட்டாரு, தொண்டையைச் செருமினாரு, செருமி முடிக்கவே ஒரு யுகம் ஆச்சு. வாபஸ்னு சொன்னாரு. இங்கிலீஷ்லதான் சொன்னாரு, எனக்கு அந்த ஒரு வார்த்தை தெரியும், மேடம் எத்தனையோ தரம் சொல்லிக் குடுத்திருக்காங்க. ஜட்ஜையா கண்ணாடிக்கு மேலால பாத்து, ஜெயக்கொடி யாரு, நீங்களா, சம்மதமான்னு தமிழ்ல கேட்டாரு. அவன் வாயைத் தொறந்தான், மூடினான், அப்புறம், சம்மதம்ங்கய்யான்னான். சின்னக் குரலு. அவ்வளவுதான், முடிஞ்சிருச்சு. அவன் கேசுக் கட்டை எடுத்து ஓரமா வெச்சுட்டாங்க. நான் அழுதுட்டேன். அங்கயே, அத்தனை கோட்டுக்கு நடுவுல, முந்தானையை வாயில திணிச்சுக்கிட்டு. என் தம்பி. என் தம்பி செஞ்சுட்டான். எங்கூட ஒரு வயித்துல பொறந்தவன் என்னைய நம்பி அவன் மனுவைத் தூக்கிக் குடுத்துட்டான், நான் அவனை நம்பாம பாஸ் ஓவர் வாங்கி ஒளிஞ்சு நிக்கிறேன். அந்த நேரம் பாத்து மேடம் என் காதுகிட்ட குனிஞ்சாங்க. அம்மா, ஒண்ணு சொல்ல வேண்டியது என் கடமை, அவங்க மனு போயிருச்சு, நம்ம தடை அப்பிடியே இருக்கு, இப்ப நாம வாபஸ் வாங்கலைன்னா யாரும் நம்மளை வற்புறுத்த முடியாது, இந்தக் கேசை இங்கயே நடத்தலாம், நல்ல வாய்ப்பு, ஆனா முடிவு உங்களோடதுன்னாங்க.

என்னது? நானா? யோசிச்சேன். யோசிக்கலைன்னு சொன்னா என் நாக்கு அழுகிப் போகும். ரெண்டு ரூம்பு வந்து நின்னுச்சு கண்ணு முன்னாடி, மேல சிமெண்டு, கீழ கிரைண்டர், வாசல்ல கட்டிலு, அதுல இவரு. காலையில இருந்து நான் எவனுக்குப் பயந்தேனோ அவன் நான்தானா? அவன் செய்வான் செய்வான்னு நெனச்ச அத்தனையும் எனக்கு எப்பிடி அம்புட்டு வெவரமாத் தெரிஞ்சுது? என் புத்தியில இருந்ததைத்தான் அவன் மேல ஏத்தி வெச்சுப் பயந்தேனோ? இதுக்கு முன்னாடி வந்த பயமெல்லாம் ஒண்ணுமே இல்ல, இது வேற பயம், இதுக்கு எதுத்த பெஞ்சுல ஆள் இல்ல. மறுபடி என் நம்பரைக் கூப்பிட்டாங்க. மேடம் எந்திரிச்சாங்க, என்னையப் பாத்தாங்க. இன்னும் கொஞ்ச நேரம் விட்டா என் வாய்ல என்ன வருமோன்னு எனக்கே பயம். அதனால அவுங்க பேசுறதுக்கு முன்னாடி நானே கத்திட்டேன், வாபஸ் வாங்கிக்கிறேன்யா, சம்மதம்யா, பணத்தைப் பேங்குல போட்டுருங்கய்யா, யார் கையிலயும் குடுக்காதீங்க, என் கையிலயும் குடுத்துறாதீங்கன்னு. ரெண்டு மூணு பேரு சிரிச்சாங்க. ஜட்ஜையா சிரிக்கல. சிவில் கோர்ட்டு தீர்ப்பு வர்ற வரைக்கும் பணம் வட்டியோட பேங்குலதான் இருக்கும், யாரும் எடுக்க முடியாதும்மா, போய்ட்டு வாங்கன்னாரு. எனக்கு அவரைக் கும்பிடத் தோணுச்சு, கும்பிட்டேன்.

நேராப் பொம்பளைக பாத்ரூமுக்கு ஓடிட்டு வெளிய வந்தா, படிக்குக் கீழ வேப்ப மரத்தடியில நிக்கிறான். போலாமா வேணாமான்னு நான் யோசிக்கிறதுக்குள்ள அவனே வந்துட்டான். அக்கான்னான். கருமாதிக்கு அப்புறம் இப்பத்தான் அந்த வார்த்தை. சாப்டியான்னேன். அவன் தலையைக் குனிஞ்சுக்கிட்டான். அக்கா, ஒண்ணு சொல்லணும், நீ திட்டுனாலும் சரின்னான். சொல்லுடான்னேன். நான் வாபஸ் வாங்க வேணாம்னுதான்க்கா நெனச்சேன். நீ முதல்ல வாங்கிட்டேன்னா தடை போயிரும்ல, அப்புறம் கேசை நடத்திக்கிறலாம்னு வீட்டுல சொன்னாக. உங்க சீனியர் வக்கீல் வேற கோர்ட்டுல மாட்டிக்கிட்டாருன்னு உன் கேசு தள்ளிப் போச்சு. எனக்குத் திக்குனு ஆயிருச்சு. நமக்கும் பாஸ் ஓவர் கேளுங்கன்னு வக்கீல்கிட்ட தலையால அடிச்சுக்கிட்டேன், அந்தாளு, ஒத்துக்கிட்டதைச் செய்யுங்க தம்பின்னு எந்திரிச்சுப் போய்ச் சொல்லிட்டாரு. ஜட்ஜையா என்னையக் கேக்கும்போது இல்லைன்னு சொல்ல வாயெடுத்தேன், வரல, பயத்துல சம்மதம்னுட்டேன். அம்புட்டுத்தான்க்கா நான். நீ அப்பிடி இல்ல. என் மனு போனதுக்கப்புறம் நீ நெனச்சிருந்தா என்னைய நடுரோட்டுல விட்டிருக்கலாம். சத்தம் போட்டு வாபஸ்னியே. ஒனக்கு எப்பிடிக்கா அம்புட்டு நம்பிக்கை என் மேல?

நான் அவனைப் பாத்தேன். கண்ணு கலங்கிப் போய் நிக்கிறான், மூக்கு சிவந்து, சின்னப் புள்ளையாட்டம். இப்ப சொல்லிரணும். நானும் உன்னைய மாதிரித்தான்டான்னு சொல்லிட்டா ரெண்டு பேரும் ஒரே தராசுல நின்னுருவோம், சிரிச்சுக்கூட முடிச்சுக்கலாம். வாயைத் தொறந்தேன். கூடப் பொறந்தவனை நம்பாம வேற யாரடா நம்புவேன், அப்பிடின்னு வந்துச்சு. எங்க இருந்து வந்துச்சோ தெரியல. அவன் உடைஞ்சு போயிட்டான். போற வர்றவங்க பாக்குறாங்கன்னுகூட இல்லாம என் ரெண்டு கையையும் புடிச்சுக்கிட்டு அழுறான். சிவில் கேசெல்லாம் வேணாம்க்கா, அந்த உயிலை நானே கிழிச்சுப் போடுறேன், பாதிப் பாதின்னு எழுதிக்கிட்டு வா, எங்க வேணாலும் கையெழுத்துப் போடுறேன், நம்புன உனக்குத் துரோகம் பண்ணினா நான் மனுசனே இல்லங்கிறான். பாதி. என் ரெண்டு ரூம்பு. நான் கேட்டதுதான், நியாயமா எனக்கு வர வேண்டியதுதான், அதை இப்ப நான் சொன்ன ஒரு பொய்க்குக் குடுக்குறான். சொல்லு தவமணி, இப்பவாச்சும் சொல்லுன்னு மனசு அடிச்சுக்குது, ஆனா சொன்னா பாதியும் போயிரும், அவனும் போயிருவான். நிமிந்தேன். படியில ரெஹானா மேடம் இறங்கி வந்துக்கிட்டிருக்காங்க. அக்காளும் தம்பியும் ஒண்ணா நிக்கிறதைப் பாத்து அவுங்களுக்குச் சந்தோசம், தூரத்துல இருந்தே சிரிக்கிறாங்க, ஏதோ சொல்லப் போறாங்க, வெள்ளந்தியா என்ன வேணாலும் சொல்லுவாங்க, பயந்தீங்களே பாத்தீங்களாம்மான்னு ஆரம்பிச்சாலே போதும். பஸ்ஸு போயிரும் வாடான்னு தம்பி கையை இறுக்கிப் புடிச்சு, அவன் திரும்பிப் பாக்கக் கூடாதுன்னு இந்தப் பக்கமா மறைச்சுக்கிட்டு, கேட்டைப் பாத்து இழுத்துக்கிட்டுப் போறேன். பின்னாடி மேடம், தவமணியம்மா, தவமணியம்மான்னு கூப்பிடுறாங்க.